காற்றுக் குறிகளை உருவாக்குவது எப்படி: கற்பனை உலகம் கட்டப் புதிதாக வருபவர்களுக்கு

மாயாவி கையை உயர்த்தினான், சூறாவளி எழுந்தது, எதிரிகள் பறந்தார்கள். கதையில் முதல் தடவை இது நன்றாகத்தான் இருக்கும். மூன்றாவது தடவை வாசகர் கொட்டாவி விடுவார். அந்த மாயாவியால் எது முடியாது என்று அவருக்குத் தெரியவில்லை. எழுதியவருக்கே தெரியாது என்பதுதான் இன்னும் பெரிய சிக்கல்.

காற்றைக் குறிகள் வழியாக ஆளும் உலகத்தில் இந்தச் சிக்கல் பாதி தீர்ந்துவிடும். குறி என்றால் வரைந்தாக வேண்டும். வரைய இடம் வேண்டும், நேரம் வேண்டும், கை நடுங்காமல் இருக்க வேண்டும். தப்பாக வரையலாம், மழையில் அழியலாம், எதிரி வந்து ஒரு கோட்டைச் சேர்த்துவிட்டுப் போகலாம். இத்தனையும் கதைக்குத் தீனி.

நாவலோ, படக்கதையோ, நண்பர்களோடு ஆடும் விளையாட்டோ, எதற்காக என்றாலும் வேலை ஒன்றுதான். ஒரு நோட்டும் பென்சிலும் எடுத்துக்கொள்ளுங்கள். புதிதாக வருபவர்கள் பெரும்பாலும் உட்கார்ந்தவுடன் அழகழகாகச் சுருள்களை வரைந்து ஒவ்வொன்றுக்கும் பெயர் சூட்ட ஆரம்பித்துவிடுவார்கள். அந்த வேலையைக் கொஞ்சம் தள்ளிவையுங்கள். குறி காற்றை எங்கிருந்து எடுக்கிறது என்பது முடிவாகாமல் அதன் உருவத்தை வரைந்து பயனில்லை.

படி 1: காற்று எங்கிருந்து வருகிறது என்று முடிவு செய்யுங்கள்

நிஜ உலகத்தில் காற்று வீசுவதற்குக் காரணம் அழுத்த வேறுபாடு. அழுத்தம் கூடிய இடத்திலிருந்து குறைந்த இடத்துக்குக் காற்று ஓடுகிறது. அந்த வேறுபாடு பெரும்பாலும் வெப்பத்தால் வருவது. பகலில் நிலம் கடலைவிடச் சீக்கிரம் சூடாகிறது. அதன் மேலிருக்கும் காற்று லேசாகி எழும்ப, கடலிலிருந்து குளிர்ந்த காற்று உள்ளே வருகிறது. இரவில் நிலம் சீக்கிரம் ஆறிவிடுவதால் போக்கு திரும்பிவிடுகிறது.

இதை வைத்து உங்கள் குறிகளுக்கு மூன்று வழிகளில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கலாம். குறி ஓரிடத்தின் அழுத்தத்தைக் குறைக்கலாம். அல்லது ஓரிடத்து வெப்பத்தை இன்னோர் இடத்துக்கு நகர்த்தலாம். அல்லது ஏற்கெனவே வீசிக்கொண்டிருக்கும் காற்றைத் திருப்ப மட்டும் செய்யலாம். ஒன்றுமில்லாத வெளியிலிருந்து காற்றை வரவழைக்கும் நான்காவது வழியும் இருக்கிறது. தயவுசெய்து அது வேண்டாம். கையை உயர்த்தும் மாயாவியிடமே திரும்பிப் போய்விடுவோம்.

அழுத்தத்தைக் குறைக்கும் வழி பார்க்கச் சாதுவானது, ஆனால் பயங்கரமானது. கடல் மட்டத்தில் ஒவ்வொரு சதுர மீட்டரையும் காற்று சுமார் பத்து டன் எடைக்குச் சமமாக அழுத்துகிறது. எல்லாப் பக்கமும் அழுத்துவதால் நமக்குத் தெரிவதில்லை. மூடிய அறைக்குள் ஒருவன் குறி வரைந்து, உள்ளே அழுத்தம் நூற்றில் ஒரு பங்கு குறைந்தது என்று வைத்துக்கொள்ளுங்கள். இரண்டு சதுர மீட்டர் கதவின் மேல் அந்த வேறுபாடு மட்டும் ஏறத்தாழ 200 கிலோ எடைக்குச் சமமான விசையாக விழும். கதவு வெளிப்பக்கம் திறப்பது என்றால் உள்ளே இருப்பவன் எவ்வளவு தள்ளினாலும் அசையாது. உள்பக்கம் திறப்பது என்றால் தாழ்ப்பாளை விடுவித்த நொடியில் கதவு அவன் முகத்தில் வந்து அறையும். ஒரே குறி, இரண்டு காட்சிகள்.

வெப்பத்தை நகர்த்தும் வழியில் மிச்சம் விழும். காற்று எழுந்த இடத்தில் சூடு, அது புறப்பட்ட இடத்தில் குளிர். எங்கே பனி படிந்திருக்கிறது என்று பார்த்தே மாயாவி எங்கே நின்றான் என்று துப்பறியலாம். துப்பறியும் கதை எழுத ஆசைப்படுபவர்களுக்கு இதைத்தான் சொல்வேன்.

முதல் முயற்சிக்கு மூன்றாவது வழி, அதாவது இருக்கிற காற்றைத் திருப்புவது, நல்லது. காற்றே இல்லாத நாளில் மாயாவி வெறும் ஆள். கதைக்குள் வானிலை உயிரோடு வந்துவிடும்; பாத்திரங்கள் காலையில் எழுந்ததும் புகை எந்தப் பக்கம் சாய்கிறது என்று பார்ப்பார்கள்.

படி 2: வலிமைக்கு ஓர் ஏணி போடுங்கள்

"பலத்த காற்று" என்று எழுதினால் வாசகருக்கு ஒன்றும் தெரியாது. பிரிட்டிஷ் கடற்படை அதிகாரி பிரான்சிஸ் போஃபர்ட் 1805இல் காற்றை 0 முதல் 12 வரை பிரித்தார். அவர் வேகத்தை அளக்கவில்லை. ஒரு போர்க்கப்பல் எவ்வளவு பாய் விரிக்க முடியும் என்பதை வைத்துப் பிரித்தார். பிறகு நிலத்துக்கும் அடையாளங்கள் சேர்ந்தன. புகை நேராக மேலே போனால் 0. இலைகள் சலசலத்து, முகத்தில் காற்று பட்டால் 2. பெரிய கிளைகள் ஆடி, குடை பிடிக்கச் சிரமப்பட்டால் 6. மரம் வேரோடு சாய்ந்தால் 10. மணிக்கு 118 கிலோமீட்டரைத் தாண்டினால் 12.

உங்கள் உலகத்தில் வேகமானி இருக்காது. ஆகவே இந்த முறை அப்படியே பொருந்தும். பதின்மூன்று படிகள் வேண்டாம், ஐந்து போதும். ஒவ்வொரு படியையும் அந்த உலகத்து மக்கள் கண்ணால் பார்க்கும் ஒன்றோடு கட்டுங்கள்: விளக்குச் சுடர் சாயும் காற்று, உலரும் துணியைப் பறிக்கும் காற்று, கூரையைப் பிரிக்கும் காற்று, இப்படி.

அப்புறம் ஒரு கணக்கை மட்டும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். காற்றின் வேகம் இரண்டு மடங்கானால் அது தள்ளும் விசை நான்கு மடங்காகிறது. மணிக்கு 36 கிலோமீட்டர் வேகக் காற்று ஒரு சதுர மீட்டர் பலகையை ஏறக்குறைய 6 கிலோ எடை அளவுக்குத் தள்ளும். 72 கிலோமீட்டரில் 25 கிலோ. 144இல் 100 கிலோ. எதிரியின் கேடயத்தைப் பிடுங்க எந்தப் படி வேண்டும், ஆளையே சாய்க்க எந்தப் படி வேண்டும் என்று இதை வைத்துச் சொல்லிவிடலாம்.

எல்லாரும் கேட்பது பறப்பதைப் பற்றித்தான். கை கால் விரித்துக் கிடக்கும் ஆளைக் கீழிருந்து மேலே வீசும் காற்று தாங்க வேண்டுமென்றால் அது மணிக்கு 200 கிலோமீட்டர் அளவில் வீச வேண்டும். அதாவது ஒருவர் பறக்கக் கிளம்பினால் பக்கத்துக் கூரைகளும் கூடக் கிளம்பிவிடும். பரப்பைக் கூட்டினால் பாடு குறையும். பாராகிளைடரில் இருபது முப்பது சதுர மீட்டர் துணி இருப்பதால்தான் மிதமான வேகத்திலேயே அது மனிதரைத் தாங்குகிறது. ஆகவே உங்கள் மாயாவிக்கு ஓர் இறக்கையையோ பெரிய துணியையோ கொடுங்கள். குறியைத் துணியில் தைக்கலாம், தையல் பிரியலாம். கதைக்கு அது தனி லாபம்.

படி 3: எதன் மேல் வரைகிறார்கள்?

குறியின் உருவம் வரைபவர் விருப்பத்தால் மட்டும் வருவதில்லை. எழுதும் பொருளும் கருவியும் அதை வளைக்கின்றன. பனையோலையில் எழுத்தாணியால் நார் போகும் திசையில் நேர்கோடு இழுத்தால் ஓலை கிழியும் என்பதால் வளைந்த எழுத்துகளே அதற்குத் தோதாக இருந்தன. வட ஐரோப்பாவின் ரூன் எழுத்துகளில் படுக்கைக் கோடுகள் அரிதாக இருப்பதற்கு, மரத்தில் செதுக்கும்போது அவை மரத்தின் நாரோடு கலந்துவிடும் என்பதையே காரணமாகச் சொல்வார்கள். ஈரக் களிமண்ணில் நாணற்குச்சியை அழுத்தியவர்களுக்கு ஆப்பு வடிவம் கிடைத்தது.

உங்கள் உலகத்தில் காற்றுக் குறிகளை முதன்முதலில் யார் வரைந்தார்கள்? மாலுமிகள் என்றால் கயிறும் பாயும்தான் அவர்கள் கையில் இருந்திருக்கும், குறிகள் முடிச்சாகவோ தையலாகவோ இருக்கும். நிஜத்திலும் இதற்கு முன்மாதிரி உண்டு. பிரிட்டனுக்கும் அயர்லாந்துக்கும் நடுவில் இருக்கும் மேன் தீவிலும் ஐரோப்பாவின் வடகோடியில் இருக்கும் லாப்லாந்திலும் சூனியக்காரிகள் மாலுமிகளுக்குக் காற்றை விற்றதாக நாட்டார் கதைகள் இருக்கின்றன. கயிற்றில் மூன்று முடிச்சு. ஒன்றை அவிழ்த்தால் இதமான காற்று, இரண்டாவதை அவிழ்த்தால் பலமான காற்று, மூன்றாவதை அவிழ்த்தால் புயல். மூன்றாவதை ஏன் விற்றார்கள் என்று யோசித்துப் பாருங்கள். ஒரு கதை அங்கேயே கிடக்கிறது.

ஓலையைத் தேர்ந்தெடுப்பவர்களுக்கு இன்னொன்று. ஓலை பொத்தலாகிவிடும் என்று பழைய ஏடுகளில் மெய்யெழுத்துக்குப் புள்ளி வைக்காமலே விட்டுவிடுவது வழக்கம். படிப்பவர் இடம் பார்த்துப் புரிந்துகொள்ள வேண்டியதுதான். இதை நினைவில் வையுங்கள், அடுத்த படியில் வேலைக்கு வரும்.

படி 4: கோடுகளுக்கு இலக்கணம் எழுதுங்கள்

இப்போது வரையலாம். நாற்பது தனித்தனிக் குறிகள் இருந்தால் வாசகர் ஒன்றைக்கூட நினைவில் வைக்கமாட்டார். நான்கு உறுப்புகளை வைத்து எல்லாக் குறிகளையும் கட்டினால், பத்தாவது பக்கத்தில் ஒரு புதிய குறி வரும்போது அவரே படித்துவிடுவார். அந்தச் சந்தோஷத்தை அவரிடமிருந்து பறிக்காதீர்கள். உறுப்புகளுக்குப் பெயர் வேண்டுமென்றால் நம் எழுத்துகளிடமே கடன் வாங்கலாம்: கால், கொம்பு, சுழி, புள்ளி.

கால் என்பது நேர்கோடு. அது திசையைக் காட்டும். கொம்பு என்பது காலில் பக்கவாட்டாக ஒட்டும் சிறு கோடு. எத்தனை கொம்போ அத்தனை வலிமை, படி 2இல் போட்ட ஏணிப்படி. சுழி காற்றைச் சுழலச் செய்யும். இடஞ்சுழியா வலஞ்சுழியா என்பதைப் பொறுத்துச் சுழலும் பக்கம் மாறும். புள்ளி அடக்கும். மெய்யெழுத்தின் தலையில் புள்ளி வைத்தால் அதற்குள் இருக்கும் அகரம் அடங்கிப்போகிறதல்லவா, அதே வேலைதான்.

இது வெறும் கற்பனை அல்ல. வானிலை வரைபடங்களில் காற்றைக் குறிக்க இன்றும் ஏறக்குறைய இதே முறைதான். ஒரு தண்டு, அதன் முனையில் இறகுகள். அரை இறகு 5 நாட், முழு இறகு 10 நாட், முக்கோணம் 50 நாட். ஒரு முக்கோணமும் ஒரு முழு இறகும் ஓர் அரை இறகும் இருந்தால் 65 நாட், அதாவது மணிக்குச் சுமார் 120 கிலோமீட்டர். வரைபடம் படிக்கத் தெரிந்தவர் ஒரு பார்வையில் சொல்லிவிடுவார். இந்த எளிமைதான் உங்கள் இலக்கு.

திசையில் எல்லாரும் ஒரு தடவை தடுக்கி விழுவார்கள். காற்று எந்தப் பக்கத்திலிருந்து வருகிறதோ அதை வைத்துத்தான் அதற்குப் பெயர். வடக்கிலிருந்து வந்தால் வாடை, தெற்கிலிருந்து தென்றல், கிழக்கிலிருந்து கொண்டல், மேற்கிலிருந்து கோடை. வானிலை வரைபடத்தின் தண்டும் காற்று புறப்படும் பக்கத்தையே சுட்டும். ஆனால் அம்புக்குறி என்றதும் நம் மனம் போகும் பக்கத்தைத்தான் நினைக்கிறது. உங்கள் குறியின் கால் எதைக் காட்டுகிறது, வரும் பக்கத்தையா போகும் பக்கத்தையா? ஒன்றை முடிவு செய்து நோட்டின் முதல் பக்கத்தில் எழுதி வையுங்கள். உலகத்தின் இரண்டு நாடுகள் இரண்டு வழக்கத்தைப் பின்பற்றினால் இன்னும் நல்லது. ஒரு நாட்டின் மாலுமி இன்னொரு நாட்டின் கப்பலில் ஏறியதும் என்ன ஆகும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

அந்தத் திசை எதைப் பொறுத்தது என்பதும் முக்கியம். உலகத்தின் வடக்கைப் பொறுத்ததா, குறி வரைந்த பொருளைப் பொறுத்ததா? கதவில் வரைந்த குறி, கதவைத் திறந்ததும் தானும் திரும்புமா? பொருளைப் பொறுத்தது என்று வைத்துக்கொண்டால் கதவு, சக்கரம், கேடயம் எல்லாம் திசைமாற்றிகளாகிவிடும். என் ஓட்டு இதற்குத்தான். உலகத்து வடக்கைப் பொறுத்தது என்றால் குறி வரைபவருக்குத் திசைகாட்டி வேண்டியிருக்கும், சுரங்கத்துக்குள் அவர் திணறுவார். அதுவும் ஒரு வகையில் பயன்படும்.

ஒரு குறியை முழுதாகக் கட்டிப் பார்ப்போம். புகை நிறைந்த சமையலறை, ஒரே ஒரு ஜன்னல். ஜன்னல் சட்டத்தில் வெளிப்பக்கம் நோக்கி ஒரு கால், அதில் ஒரே ஒரு கொம்பு. புகை போகிறதா? கொஞ்சம் போகும், அப்புறம் நின்றுவிடும், காற்று உள்ளே வர வழியில்லையே. எதிர்ச்சுவரில் ஒரு துளையாவது வேண்டும். துளை இல்லாத அறையில் கொம்பைக் கூட்டினால் படி 1இல் பார்த்த கதவுக் கதைதான் நடக்கும். சரி, துளை போட்டாயிற்று. இரவில் அடுப்பு அணைந்ததும் காற்று நிற்க வேண்டும். காலின் தலையில் புள்ளி வைக்கிறார்கள், அடங்குகிறது. காலையில் புள்ளியைத் துடைத்தால் மறுபடி வீசும்.

இனி அந்த ஏட்டுச் சுவடியை எடுங்கள். பழைய ஓலைகளில் எந்தப் புயல் குறி எங்கே அடங்க வேண்டும் என்பதற்கான புள்ளிகள் இல்லை. எழுதிய தலைமுறைக்கு அது சொல்லாமலே தெரியும். முந்நூறு ஆண்டு கழித்து ஒரு மாணவி அதை அப்படியே பார்த்து வரைகிறாள். காற்று திறந்துகொள்கிறது, மூடவில்லை. தீய அரசன் யாரும் தேவைப்படாத முதல் அத்தியாயம் இது.

படி 5: விலையை யார் கட்டுவது?

மந்திரத்துக்கு விலை வேண்டும் என்று எல்லா வழிகாட்டிகளும் சொல்லும். காற்றைப் பொறுத்தவரை விலையைக் கற்பனை செய்யவே வேண்டாம், அது ஏற்கெனவே எழுதப்பட்டிருக்கிறது. வேகம் இரண்டு மடங்கானால் தேவைப்படும் ஆற்றல் எட்டு மடங்கு. ஒரு சதுர மீட்டர் ஜன்னல் வழியாக மணிக்கு 36 கிலோமீட்டர் வேகத்தில் போகும் காற்று சுமார் 600 வாட் ஆற்றலைச் சுமந்து செல்கிறது. வலுவான ஆள் நாள் முழுக்க உழைத்தால் தரக்கூடியது சராசரியாக 75 வாட் அளவு. தன் உடல்பலத்தை மட்டும் செலவழிக்கும் மாயாவியால் அந்த ஜன்னலில் மணிக்கு 18 கிலோமீட்டர் காற்றைத்தான் தொடர்ந்து வீசவைக்க முடியும். இலைகள் ஓயாமல் ஆடும், அவ்வளவே. அதற்கு மேல் வேண்டுமென்றால் வெயிலிடமோ, அடுப்பிடமோ, வேறு காற்றிடமோ கடன் வாங்கியாக வேண்டும்.

எதிர்விசையையும் மறக்கக்கூடாது. படகில் நின்றுகொண்டு தன் பாயின் மேலேயே காற்றை ஊதுபவன், ஊதும் வேகத்தில் தானும் பின்னால் தள்ளப்படுவான். இரண்டும் பெரும்பாலும் கழிந்துபோய்ப் படகு நின்ற இடத்திலேயே நிற்கும். குறி கரையில் இருக்க வேண்டும், அல்லது கடலின் மேல் வீசும் காற்றைத் திருப்ப வேண்டும்.

எனக்கு மிகவும் பிடித்த கட்டுப்பாடு தேய்மானம். காற்று மண்ணையும் தூசியையும் தூக்கிவந்து குறியின் மேலேயே உரசும். சுண்ணாம்பால் வரைந்த புயல் குறி தன்னைத்தானே ஊதி அழித்துக்கொள்ளும். கல்லில் செதுக்கியது பல காலம் நிற்கும், ஆனால் செதுக்கவே பல நாள் பிடிக்கும், அவசரத்துக்கு உதவாது. வலிமையும் ஆயுளும் இப்படித் தானாகவே ஒன்றையொன்று கட்டுப்படுத்தும். நீங்கள் தனியாக ஒரு சட்டம் எழுத வேண்டியதில்லை.

படி 6: சண்டைக்கு வெளியே பயன்படுத்துங்கள்

காற்றுக் குறி இருக்கும் உலகத்தில் முதலில் மாறுவது போர்க்களம் இல்லை. நெல் தூற்றுபவர் காற்றுக்காகக் காத்திருக்க மாட்டார். கொல்லனுக்குத் துருத்தி தேவையில்லை. உலைக்குள் காற்று கூடினால் சூடும் கூடும். நாற்றமடிக்கும் தோல் பதனிடும் தொழிலை ஊருக்கு நடுவிலேயே வைக்கலாம், ஜன்னலில் குறி இருந்தால் போதும், ஆனால் நாற்றம் யார் வீட்டுக்குப் போகிறது? உடனே ஒரு வழக்கு, ஒரு பஞ்சாயத்து, காற்றைத் திருப்ப வரி. மேல்காற்றில் இருக்கும் ஊர் திருப்பிவிட்டால் கீழ்காற்றில் இருக்கும் ஊரின் காற்றாலை நிற்கும். ஆற்று நீர்ச் சண்டையைப் பற்றிக் கொஞ்சம் தெரிந்தவர்களுக்கு இந்த அரசியலை எழுத ஆசிரியர் தேவையில்லை.

ஒலியும் காற்றோடு போகும். காற்று போகும் பக்கம் நின்றால் தூரத்துப் பேச்சு காதில் விழும், எதிர்ப்பக்கம் நின்றால் விழாது. ஒற்றர்கள் வரையும் குறி இதற்காகவே இருக்கலாம், கொம்பே இல்லாத வெறும் கால்.

எல்லாக் குறியும் காற்றை ஆள வேண்டும் என்பதும் இல்லை. ஐஸ்லாந்தில் 1860இல் தொகுக்கப்பட்ட ஹுல்ட் கையெழுத்துப் படியில் வெக்விசிர் என்று ஒரு சின்னம் இருக்கிறது. எட்டுக் கைகள், ஒவ்வொன்றின் முனையிலும் வெவ்வேறு கோடுகள். அதைச் சுமப்பவர் புயலிலும் மோசமான வானிலையிலும் வழி தவற மாட்டார் என்பது அதற்குச் சொல்லப்படும் பலன். புயலை நிறுத்தும் என்று சொல்லவில்லை என்பதைக் கவனியுங்கள். இப்படி அடக்கமான குறி ஒன்றிரண்டு இருந்தால் மற்றக் குறிகளின் வலிமை தானே கூடித் தெரியும்.

படி 7: சோதித்துப் பாருங்கள்

எழுத உட்காரும் முன் ஐந்தாறு குறிகளை ஒரு தாளில் வரைந்து, இந்த உலகத்தைப் பற்றி ஒன்றுமே தெரியாத நண்பரிடம் கொடுங்கள். நான்கு உறுப்புகளின் வேலையை மட்டும் ஒரு நிமிடத்தில் சொல்லுங்கள், அதற்கு மேல் வாயைத் திறக்காதீர்கள். அவர் திசையைச் சரியாகச் சொன்னால், வலிமையில் ஒரு படிக்கு மேல் தவறாமல் இருந்தால் எழுத ஆரம்பிக்கலாம். சுழியில் தடுமாறினால் அதைப் பெரிதாக்குங்கள்; பென்சிலில் சிறிய இடஞ்சுழியும் வலஞ்சுழியும் ஒன்றுபோலவே தெரியும். திசையில் தடுமாறினால் காலின் ஒரு முனையைத் தடிப்பாக்குங்கள். அப்படியும் அவர் தலைகீழாகவே படித்தால் வழக்கத்தையே திருப்பிவிடுங்கள். அவர் படித்த விதத்தில்தான் உங்கள் வாசகரும் படிக்கப்போகிறார்.